புரோநோட்டுக் கடனுக்குச் சிவில் சிறையா? காரணம் கேட்கும் நோட்டீஸ் வந்திருக்கிறது

தறிச்சத்தம் எழுதியது:

வணக்கம். என் அக்காள் கணவர் விசைத்தறித் தொழிலாளி. முன்பு வாடகைக் கொட்டகையில் சொந்தமாக நான்கு தறிகள் வைத்திருந்தார். நூல் விலை ஏறியபோது கடன் வாங்கி ஓட்டிப் பார்த்தார். முடியவில்லை. தறிகளை விற்றுவிட்டு இப்போது வேறொருவர் கொட்டகைக்கு வாரக்கூலிக்குப் போகிறார். அந்தச் சமயத்தில் மூன்று லட்சம் ரூபாய்க்கு எழுதிக் கொடுத்த புரோநோட்டு வழக்காகி, இவர் ஆஜராகாததால் எக்ஸ்பார்ட்டி தீர்ப்பாகிவிட்டது. வட்டியும் வழக்குச் செலவும் சேர்ந்து இப்போது நாலரை லட்சத்துக்கு மேல் நிற்கிறது.

சென்ற வாரம் நீதிமன்றத்திலிருந்து நோட்டீஸ் வந்தது. அவரை ஏன் சிவில் சிறையில் அடைக்கக் கூடாது என்று அடுத்த மாத வாய்தாவில் நேரில் வந்து காரணம் சொல்ல வேண்டுமாம். கடன் கொடுத்தவரின் ஆள் தெருவில் நின்றுகொண்டு, வாரண்ட் தயாராகிவிட்டது, போலீஸ் வரும் என்று நாலு பேர் கேட்கச் சொல்லிவிட்டுப் போனார். அக்காளுக்கு அன்றிலிருந்து தூக்கமில்லை. கடனைத் திருப்பிக் கொடுக்க முடியாததற்கு ஒருவரைச் சிறையில் போட முடியுமா? மாமாவின் பேச்சை யாராவது கேட்பார்களா, அல்லது போன அன்றே பிடித்துக்கொள்வார்களா? தெரிந்தவர்கள் தயவுசெய்து எழுதுங்கள்.

கரூர்க்காரன் எழுதியது:

நோட்டீஸைக் கையெழுத்திட்டு வாங்கியிருக்கவே கூடாது. உங்கள் மாமாவைக் கொஞ்ச நாள் திருப்பூர் பக்கம் அனுப்பிவிடுங்கள். ஆள் ஊரில் இல்லையென்றால் நீதிமன்ற ஊழியரான அமீனா இரண்டு முறை வந்து பார்த்துவிட்டுத் திரும்பிவிடுவார். என் ஊரில் பலர் இப்படித்தான் தப்பித்திருக்கிறார்கள்.

பழைய சிரஸ்தார் எழுதியது:

கரூர் நண்பர் நல்லெண்ணத்தில்தான் சொல்கிறார். ஆனால் இந்த யோசனையால் சிறைக்குப் போனவர்களை நீதிமன்ற ஊழியனாக நான் நிறையவே பார்த்திருக்கிறேன். தம்பி, உங்கள் மாமா ஊரை விட்டுப் போகக் கூடாது. அதை முதலில் உறுதி செய்துகொள்ளுங்கள்.

காரணத்தைச் சொல்கிறேன். சிவில் நடைமுறைச் சட்டத்தின் ஆணை 21, விதி 37 என்ன சொல்கிறதென்றால், பணத் தீர்ப்பை நிறைவேற்றக் கைது கேட்டு மனு வந்தால் நீதிமன்றம் வாரண்ட் பிறப்பிப்பதற்குப் பதிலாக நோட்டீஸ் அனுப்ப வேண்டும். எடுத்த எடுப்பில் வாரண்ட் கிடையாது. இதற்கு ஒரே விதிவிலக்கு, கடன்காரர் தலைமறைவாகிவிடுவார் அல்லது நீதிமன்ற எல்லையை விட்டுப் போய்விடுவார் என்று நீதிமன்றம் நம்பும்படி காட்டுவது. ஊரை விட்டு ஓடினால் அந்தச் சாட்சியத்தை எதிர்த்தரப்புக்கு நீங்களே எழுதிக் கொடுத்தது போலாகும். நோட்டீஸைப் பெற்றுக்கொண்டும் வாய்தாவுக்கு வராவிட்டால், டிகிரிதாரர், அதாவது தீர்ப்பைப் பெற்ற கடன் கொடுத்தவர், கேட்டவுடன் வாரண்ட் பிறப்பிக்க அதே விதியின் அடுத்த பகுதி வழி செய்கிறது. ஆக, இன்றைக்கு வாரண்ட் இருக்க வாய்ப்பில்லை. வாய்தாவைத் தவறவிட்டால் அது வரும்.

தெருவில் நின்று பேசியவரின் பேச்சை ஒதுக்கித் தள்ளுங்கள். சிவில் வாரண்டை நிறைவேற்றுபவர் நீதிமன்ற அமீனா. நீதிமன்றம் தனியாக உத்தரவிட்டால் தவிர போலீசுக்கு இதில் வேலையே இல்லை. வாரண்டில் நீதிபதி அல்லது நீதிமன்றம் நியமித்த அலுவலரின் கையெழுத்து, முத்திரை, தேதி, எந்த நாளுக்குள் நிறைவேற்ற வேண்டும் என்பது எல்லாம் இருக்க வேண்டும். பொழுது சாய்ந்த பிறகு, பொழுது விடியும் முன் கைதுக்காக வீட்டுக்குள் நுழையக் கூடாது என்பது பிரிவு 55. பணத்தைக் கட்டினால் அமீனா அங்கேயே விட்டுவிட வேண்டும் என்பதும் அதே பிரிவில்தான் இருக்கிறது. அப்படிக் கட்ட நேர்ந்தால் ரசீது வாங்காமல் ஒரு ரூபாய்கூடக் கொடுக்காதீர்கள்.

ஈரோட்டு வழக்கறிஞர் எழுதியது:

சிரஸ்தார் ஐயா சொன்னதோடு முழுக்க உடன்படுகிறேன். கேள்வியின் மற்ற பாதிக்கு நான் பதில் எழுதுகிறேன், ஏனென்றால் இங்கேதான் பெரும்பாலான குடும்பங்கள் குழம்புகின்றன.

கைது செய்து நீதிமன்றத்தின் முன் நிறுத்துவது ஒரு கட்டம். சிறைக்கு அனுப்புவது வேறு கட்டம். வாரண்டில் பிடித்துக்கொண்டு வந்தாலும் நேராகச் சிறைக்கு அனுப்பிவிட முடியாது. நடுவில் விதி 40-இன்படி ஒரு விசாரணை நடந்தாக வேண்டும். நாங்கள் நீதிமன்றத்தில் மீன்ஸ் விசாரணை என்போம், அதாவது பணம் கட்டும் வசதி உண்டா என்ற விசாரணை. அதில் முதலில் பேச வேண்டியவர் கடன் கொடுத்தவர். அவர் சாட்சிக்கூண்டில் ஏறி, இந்த மனிதருக்கு இன்ன வருமானம், இன்ன சொத்து, இருந்தும் கட்ட மறுக்கிறார் என்று ஆதாரத்தோடு சொல்ல வேண்டும். உங்கள் தரப்பு அவரைக் குறுக்கு விசாரணை செய்யலாம். அதன் பிறகே உங்கள் மாமா தம் காரணத்தைச் சொல்லும் முறை வரும். இந்த வரிசையைச் சட்டமே வகுத்திருக்கிறது.

பிரிவு 51-இன் வரம்புரை, அதாவது அதோடு சேர்ந்த நிபந்தனைப் பகுதி, இன்னும் கண்டிப்பானது. காரணம் காட்ட வாய்ப்புக் கொடுத்து, பிறகு எழுத்தில் காரணங்களைப் பதிவு செய்தால்தான் சிறை உத்தரவு செல்லும். அந்தக் காரணமும் சட்டம் சொல்லும் சிலவற்றில் ஒன்றாக இருக்க வேண்டும்: தீர்ப்பைத் தடுக்கும் நோக்கத்தோடு ஓடிவிடப் பார்ப்பது, வழக்குத் தொடுத்த பிறகு சொத்தை நேர்மையற்ற முறையில் மாற்றுவது, மறைப்பது, முழுத் தொகையையோ அதில் கணிசமான பகுதியையோ கட்டும் வசதி இருந்தும் கட்ட மறுப்பது, அல்லது பிறர் பணத்துக்கு நம்பிக்கைப் பொறுப்பாளராக இருந்து கணக்குக் காட்டாதது. வசதியைக் கணக்கிடும்போது ஜப்தியிலிருந்து விலக்குப் பெற்ற சொத்தைச் சேர்க்கவே கூடாது. சமையல் பாத்திரம், கைத்தொழில் கருவி, வருங்கால வைப்புநிதி, சம்பளத்தில் முதல் ஆயிரமும் மீதியில் மூன்றில் இரண்டு பங்கும் என்று பிரிவு 60 அந்தப் பட்டியலைத் தருகிறது.

1980 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் ஜாலி ஜார்ஜ் வர்கீஸ் எதிர் பேங்க் ஆஃப் கொச்சின் வழக்கில் இதைத் தெளிவாக்கியது. நீதிபதிகள் வி. ஆர். கிருஷ்ணய்யரும் ஆர். எஸ். பாதக்கும். அங்கே கடன்காரர்களின் சொத்துகள் ஏற்கெனவே ஜப்தியில் இருந்தன. அவர்களால் இப்போது கட்ட முடியுமா, நாணயமற்ற எண்ணம் இருந்ததா என்று பார்க்காமலேயே கீழ் நீதிமன்றம் வாரண்ட் பிறப்பித்திருந்தது. உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்து, முறையாக விசாரிக்கும்படி திருப்பி அனுப்பியது. கடனைக் கட்டவில்லை என்ற ஒன்று மட்டும் போதாது, அதற்கு மேல் கெட்ட எண்ணம் வேண்டும் அல்லது இன்றைக்குக் கட்டும் வசதி வேண்டும் என்றது. ஒரு காலத்தில் பணம் இருந்து இப்போது இல்லாதவரையோ, இருக்கும் பணத்தின்மீது மருந்துச் செலவு போன்ற அவசரத் தேவைகள் உள்ளவரையோ சிறையில் தள்ளுவதைக் கிருஷ்ணய்யர் ஏற்கவில்லை. தனிமனித சுதந்திரத்தைக் காக்கும் அரசமைப்பின் 21-ஆம் கூறோடு அதைச் சேர்த்துப் படித்தார்.

ஆகவே உங்கள் மாமா வக்காலத்து போட்டு, எதிருரை தாக்கல் செய்து, விசாரணை வேண்டும் என்று எழுத்தில் கேட்க வேண்டும். எதிருரையில் வாரக்கூலி, வாடகை, பிள்ளைகளின் படிப்பு, அடகில் உள்ள நகை எல்லாவற்றையும் உள்ளபடி எழுதச் சொல்லுங்கள்.

மொத்த வியாபாரி எழுதியது:

படித்துக்கொண்டே வருகிறேன், மனம் ஆறவில்லை. நானும் ஒரு நீதிமன்ற டிகிரி, அதாவது பணத் தீர்ப்பு, வைத்திருக்கிறேன். மளிகைச் சரக்கு கடனுக்குக் கொடுத்து ஏமாந்தவன். வழக்குப் போட்டு, முத்திரைத்தாள் கட்டணம் கட்டி, வக்கீலுக்குக் கொடுத்து, தீர்ப்பும் என் பக்கம் வந்தது. அந்தக் காகிதத்தை வைத்துக்கொண்டு ஒரு மூட்டை அரிசி வாங்க முடியவில்லை. எனக்குத் தர வேண்டியவர் புதுக் கார் வாங்கியிருக்கிறார். கார் மனைவி பேரில், வீடு மைத்துனர் பேரில், கடை யார் பேரில் என்பது அவருக்கே வெளிச்சம்.

இங்கே எல்லோரும் கடன்காரரின் உரிமையைப் பேசுகிறீர்கள். 1872-லேயே, அன்றைய உச்ச மேல்முறையீட்டு மன்றமான லண்டன் பிரிவி கவுன்சில், இந்தியாவில் வழக்காடுபவரின் துன்பம் தீர்ப்பு கையில் கிடைத்த பிறகுதான் தொடங்குகிறது என்று வருந்தியது. 2021-இல் உச்ச நீதிமன்றம் நிறைவேற்று மனுக்களை, அதாவது தீர்ப்பை நிறைவேற்றக் கோரும் மனுக்களை, ஆறு மாதத்துக்குள் முடிக்கச் சொன்னது. 2025-இல் கணக்குக் கேட்டுப் பார்த்தால் நாடு முழுவதும் எட்டு லட்சத்துக்கு மேல் நிலுவை. இந்த நிலையில் கைது என்ற ஒரு பயமும் இல்லாமல் போனால் எங்களைப் போன்றவர்கள் யாரிடம் போவது? என் பணமும் உழைத்துச் சேர்த்ததுதான். கடன்காரருக்கு நியாயமான விசாரணை வேண்டும் என்கிறீர்கள். எனக்கு நியாயமான முடிவு வேண்டாமா?

சட்ட மாணவி எழுதியது:

வியாபாரி ஐயாவின் கோபம் முழுக்க நியாயமானது. அவர் சொல்லும் ஆளுக்கும் இழையைத் தொடங்கியவரின் மாமாவுக்கும் உள்ள வேறுபாட்டைக் கண்டுபிடிக்கத்தான் அந்த விசாரணையே இருக்கிறது. அதை நடத்தாமல் இருவரையும் ஒரே வாரண்டில் பிடித்தால், கார் வைத்திருப்பவர் பணத்தைக் கட்டிவிட்டு வெளியே வந்துவிடுவார், தறிக்காரர் உள்ளே இருப்பார்.

இந்தப் பாதுகாப்பு எப்படி வந்தது என்பதைக் கொஞ்சம் எழுத ஆசைப்படுகிறேன். 1859-இல் வந்த முதல் சிவில் நடைமுறைச் சட்டத்தின் கீழ்க் கடனுக்காகச் சிறைக்குப் போவது சாதாரணமாக இருந்தது. இங்கிலாந்து 1869-லேயே தன் நாட்டில் அதைப் பெருமளவு ஒழித்துவிட்டது, வசதி இருந்தும் கட்டாதவர் போன்ற சிலருக்கு மட்டும் வைத்துக்கொண்டது. இங்கே 1888-இல்தான் பணத் தீர்ப்புக்குப் பெண்களைக் கைது செய்வது நிறுத்தப்பட்டது. ஏழைத் தொழிலாளி தப்பிக்க இன்னும் அரை நூற்றாண்டு ஆயிற்று. 1931-இல் அறிக்கை தந்த விட்லி ஆணையம், அதாவது இந்தியத் தொழிலாளர் குறித்த அரச ஆணையம், வட்டிக்காரர்கள் சிறை பயத்தை வைத்து ஆலைத் தொழிலாளியின் கூலியை உறிஞ்சுவதைப் பார்த்துவிட்டு, இந்தச் சிறையை ஒழிக்கப் பரிந்துரைத்தது. அதன் தொடர்ச்சியாகத்தான் 1936-இல் பிரிவு 51-இல் அந்த வரம்புரை சேர்ந்தது. வாரக்கூலிக்காரரைக் காப்பாற்றுவதற்கென்றே எழுதப்பட்ட வரிகள் அவை. ஒரு வாரக்கூலிக்காரரின் வழக்கில் அவற்றைப் புறக்கணிப்பது எனக்குப் பொறுக்கவில்லை.

பிறகு 1979-இல் குடிமை, அரசியல் உரிமைகளுக்கான சர்வதேச உடன்படிக்கையில் இந்தியா சேர்ந்தது. ஒப்பந்தக் கடமையை நிறைவேற்ற இயலாமை என்ற காரணத்துக்காக மட்டும் யாரையும் சிறைவைக்கக் கூடாது என்பது அதன் 11-ஆம் உறுப்பு. உடன்படிக்கை தானாகவே உள்நாட்டுச் சட்டமாகிவிடாது என்று கிருஷ்ணய்யரே ஒப்புக்கொண்டார். ஆனால் உள்நாட்டுச் சட்டத்தை அதற்கு இசைவாகப் படிக்க முடியும்போது அப்படித்தான் படிக்க வேண்டும் என்று படித்தார்.

தறிச்சத்தம் எழுதியது:

எல்லோருக்கும் மனமார்ந்த நன்றி. அக்காளுக்கு அலைபேசியில் படித்துக் காட்டினேன். இன்று மாமாவோடு உட்கார்ந்து எல்லாவற்றையும் கேட்டேன். அதில் சில விஷயங்கள் எனக்குப் புதிது. மறைக்காமல் எழுதுகிறேன்.

வழக்கின் சம்மன் அவர் கைக்கு வரவில்லை. அப்போது கொட்டகைக்குப் பக்கத்தில் வாடகைக்கு இருந்தார். சம்மனைப் பழைய வீட்டுக் கதவில் ஒட்டியிருக்கிறார்கள். தீர்ப்பு வந்த பிறகு, கொஞ்சம் கொஞ்சமாகக் கட்டிவிடுகிறேன் என்று கடன் கொடுத்தவரின் கணக்குப்பிள்ளையிடம் எழுபதாயிரம் வரை கொடுத்திருக்கிறார். பாதி கையில் கொடுத்தது, ரசீது இல்லை. மீதி வங்கிக் கணக்கு வழியாகப் போயிருக்கிறது. நிறைவேற்று மனுவில் இந்த எழுபதாயிரத்தைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை.

இன்னொன்று. அவருடைய அப்பா வழியில் வந்த இரண்டு சென்ட் இடத்தை மகள் பேரில் தானசெட்டில்மென்ட் எழுதியிருக்கிறார். அது வழக்குத் தாக்கலான பிறகு. மகளின் கல்யாணத்துக்காகச் செய்ததாகச் சொல்கிறார், கல்யாணமும் நடந்தது உண்மை. இது பாதகமாகுமா?

மொத்த வியாபாரி எழுதியது:

இதைத்தான் நான் சொன்னேன். இடம் இருந்திருக்கிறது. வழக்கு வந்தவுடன் மகள் பேருக்குப் போய்விட்டது. உங்கள் மாமா நல்லவராகவே இருக்கட்டும், கடன் கொடுத்தவர் இதை எப்படிப் பார்ப்பார்?

ஈரோட்டு வழக்கறிஞர் எழுதியது:

பாதகமாகலாம். அதை மெல்லச் சொல்ல எனக்கு வழி தெரியவில்லை. வழக்குத் தொடுத்த பிறகு நேர்மையற்ற முறையில் சொத்தை மாற்றினார் என்பது பிரிவு 51-இல் நேரடியாக உள்ள காரணம். எதிர்த்தரப்பு வில்லங்கச் சான்று எடுத்தால் முதல் பக்கத்திலேயே அந்தப் பத்திரம் தெரியும். சொத்து மாற்றுச் சட்டத்தின் 53-ஆம் பிரிவில் அந்தப் பத்திரத்தையே செல்லாததாக்கக் கேட்கவும் அவர்களுக்கு வழி இருக்கிறது.

ஆனால் மாற்றினார் என்பது மட்டும் போதாது. தீர்ப்பைத் தடுக்கும் நோக்கமோ விளைவோ இருக்க வேண்டும், நேர்மையற்றதாகவும் இருக்க வேண்டும். வழக்கே தமக்குத் தெரியாது என்று உங்கள் மாமா காட்ட முடிந்தால் இந்த இடத்தில்தான் அது உதவும். சம்மன் ஒட்டப்பட்ட முகவரி, அப்போது அவர் குடியிருந்த வீட்டின் வாடகை ஒப்பந்தம் அல்லது எரிவாயு ரசீது, பத்திரத் தேதி, கல்யாணப் பத்திரிகையின் தேதி, இவற்றை வரிசையாக அடுக்கிப் பார்க்க வேண்டும். பத்திரத்தை மறைத்து எதிருரை போடாதீர்கள். குறுக்கு விசாரணையில் அது வெளியே வந்தால் மாமா சொல்லும் மற்ற உண்மைகளையும் நீதிபதி நம்ப மாட்டார்.

எக்ஸ்பார்ட்டி தீர்ப்பை நீக்க ஆணை 9, விதி 13-இல் தனி மனு போட வேண்டும். சம்மன் முறையாகச் சேராவிட்டால், தீர்ப்பு தெரியவந்த நாளிலிருந்து முப்பது நாள் கணக்கு. தீர்ப்புக்குப் பிறகு எழுபதாயிரம் கட்டியிருப்பதால் அப்போதே தெரியும் என்று சொல்வார்கள், ஆகவே தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவும் தேவைப்படும். அதில் வெற்றி எளிதல்ல. மனு போட்டாலே நிறைவேற்றம் நின்றுவிடும் என்று நினைக்க வேண்டாம், தடையுத்தரவு தனியாகக் கேட்க வேண்டும்.

எழுபதாயிரம் பற்றிச் சிரஸ்தார் ஐயா எழுதினால் நன்றாக இருக்கும். நீதிமன்றத்துக்கு வெளியே கட்டிய பணம் பற்றிய விதியால் ஏழைகள் படும் பாட்டை அவர் என்னைவிட அதிகம் பார்த்திருப்பார்.

பழைய சிரஸ்தார் எழுதியது:

பார்த்திருக்கிறேன் ஐயா. ஆணை 21, விதி 2. நீதிமன்றத்துக்கு வெளியே கட்டிய பணத்தை டிகிரிதாரர் நீதிமன்றத்தில் பதிவு செய்ய வேண்டும். அவர் செய்யாவிட்டால் கடன்காரர் முப்பது நாளுக்குள் மனு போட்டுப் பதிவு செய்யச் சொல்லலாம். பதிவாகாத பணத்தை நிறைவேற்று நீதிமன்றம் கணக்கில் எடுக்காது. வீட்டு வாசலில் கணக்குப்பிள்ளை கையில் கொடுத்த பணமெல்லாம் இப்படித்தான் காற்றில் போகிறது. எவ்வளவோ பேர் அழுதுகொண்டு நின்றதைப் பார்த்திருக்கிறேன். கொடுத்தது உண்மை என்று நீதிபதிக்கே தெரிந்தாலும் விதி அவர் கையைக் கட்டிவிடும். என் கருத்தில் இது திருத்தப்பட வேண்டிய விதி.

வங்கி வழியாகப் போனதற்கு எழுத்துச் சான்று இருக்கிறது. வழக்கறிஞர் மூலம் உடனே கடிதம் அனுப்பி, அந்தத் தொகையைப் பதிவு செய்யும்படி டிகிரிதாரரைக் கேளுங்கள். பதிவு செய்வது அவருக்குச் சட்டம் விதித்த கடமை. சாட்சிக்கூண்டில் அவர் பெற்றதை ஒப்புக்கொண்டாலும் நல்லதுதான். கடன் தொகையில் கழிக்க முடியாமலே போனாலும், கட்ட மறுக்கிறார் என்ற குற்றச்சாட்டுக்கு இதைவிட நல்ல பதில் கிடையாது. கூலி வேலை செய்துகொண்டு எழுபதாயிரம் கட்டியவரை மறுப்பவர் என்று யார் சொல்ல முடியும்? வங்கி அறிக்கையை எடுத்துப் பத்திரப்படுத்துங்கள். இனிமேல் கட்டுவது ஒவ்வொன்றும் நீதிமன்றத்தில் அல்லது எழுத்துச் சான்றோடு இருக்கட்டும்.

கொல்லிமலைச்சாரல் எழுதியது:

இடையில் ஒன்று கேட்கலாமா? என் அம்மா ஒரு கடனுக்கு ஜாமீன் கையெழுத்துப் போட்டார். அவருக்கும் இப்படி வருமா? இன்னொன்று, ஒருவேளை சிறைக்கே போய்விட்டால் கடன் தீர்ந்துவிடும் என்கிறார்களே, அது உண்மையா?

பழைய சிரஸ்தார் எழுதியது:

அம்மாவைப் பணத் தீர்ப்புக்காகக் கைது செய்ய முடியாது, பிரிவு 56. ஆனால் அவர் பெயரில் சொத்து இருந்தால் ஜப்தி வரும். ஜாமீன்தாரரின் பொறுப்பு கடன் வாங்கியவரின் பொறுப்புக்குச் சமம். கடன்காரர் இறந்துவிட்டால் வாரிசுகள் அவர் விட்டுச்சென்ற சொத்தின் அளவுக்குத்தான் பொறுப்பு என்பதையும் சேர்த்துத் தெரிந்துகொள்ளுங்கள்.

சிறை கடனைத் தீர்க்காது. தீர்ப்புத் தொகை ஐயாயிரத்துக்கு மேல் என்றால் அதிகபட்சம் மூன்று மாதம். இரண்டாயிரத்துக்கு மேல் ஐயாயிரம் வரை ஆறு வாரம். இரண்டாயிரம் வரை சிறையே இல்லை. வெளியே வந்த பிறகும் கடன் அப்படியே நிற்கும், அதே தீர்ப்புக்கு மறுபடி கைது செய்ய மட்டும் முடியாது. உள்ளே இருக்கும் நாள்களில் அவருடைய சாப்பாட்டுப் படியைக் கட்ட வேண்டியவர் கடன் கொடுத்தவர். கட்டாவிட்டால் விடுதலை.

கரூர்க்காரன் எழுதியது:

என் ஊரில் கடன் முற்றினால் மஞ்சள் நோட்டீஸ், அதாவது திவால் நோட்டீஸ், கொடுத்துவிடுவார்கள். அதைச் செய்தால் கைது நிற்குமா?

ஈரோட்டு வழக்கறிஞர் எழுதியது:

மாவட்டங்களில் 1920-ஆம் ஆண்டின் திவால் சட்டம், சென்னை நகரில் 1909-ஆம் ஆண்டின் சட்டம், இரண்டும் தனிநபர்களுக்கு இன்னும் நடைமுறையில் இருக்கின்றன. கைதாகி வரும் கடன்காரரிடம், நீங்கள் திவால் மனு போடலாம் என்று நீதிமன்றமே எடுத்துச் சொல்ல வேண்டும் என்கிறது பிரிவு 55. ஒரு மாதத்துக்குள் மனு போடுவதாகச் சொல்லி ஜாமீன் கொடுத்தால் விடுவிக்கலாம். ஆனால் மனு போட்டதாலேயே பாதுகாப்பு வந்துவிடாது, அதற்குத் தனியாக உத்தரவு வாங்க வேண்டும். தறிக்காரருக்கு நான் இதை முதலில் சொல்ல மாட்டேன். அந்த தானசெட்டில்மென்ட் அங்கேயும் கேள்விக்கு உள்ளாகும், ஊரில் தொழில் செய்பவருக்கு அந்தப் பெயரும் சுமை. தவணை கேட்டுப் பார்ப்பது மேல். மாதம் இன்ன தொகை என்று அவரால் உண்மையிலேயே முடிகிற எண்ணைச் சொல்ல வேண்டும். முடியாத எண்ணைச் சொல்லி இரண்டாம் தவணையில் தவறினால், முதலில் இருந்த நல்லெண்ணமும் போய்விடும்.

சிறை உத்தரவே வந்துவிட்டால் இதற்குச் சாதாரண மேல்முறையீடு கிடையாது. உயர் நீதிமன்றத்தில் சீராய்வு மனு போட வேண்டும். எழுத்தில் காரணம் பதிவாகாத உத்தரவும், டிகிரிதாரரைச் சாட்சியாக விசாரிக்காத உத்தரவும் அங்கே நிற்பது கடினம். வழக்கறிஞர் கட்டணம் முடியாவிட்டால் நீதிமன்ற வளாகத்திலேயே உள்ள வட்டச் சட்டப் பணிகள் குழுவில் மனு கொடுங்கள். வருமான வரம்புக்குள் இருப்பவர்களுக்கும் காவலில் இருப்பவர்களுக்கும் இலவசமாக வழக்கறிஞர் தருவது அவர்களின் கடமை.

மொத்த வியாபாரி எழுதியது:

வழக்கறிஞர் ஐயா, தறிக்காரர் விஷயத்தில் நீங்கள் சொன்னதை ஏற்கிறேன். எழுபதாயிரத்தை வாங்கிக்கொண்டு மனுவில் காட்டாமல் விட்டது தவறு, நான் அப்படிச் செய்ய மாட்டேன். ஆனால் என் வழக்கை என்ன செய்வது? நானும் கைது மனுதான் போட்டிருக்கிறேன். மனுவோடு போட்ட பிரமாணப் பத்திரத்தில், அவர் வசதியானவர், வேண்டுமென்றே கட்டவில்லை என்று ஒரே வரியில் எழுதியிருக்கிறது. நீங்கள் சொல்வதைப் பார்த்தால் இது விசாரணையில் நிற்காது போலிருக்கிறதே?

ஈரோட்டு வழக்கறிஞர் எழுதியது:

நிற்காது ஐயா. எந்தக் காரணங்களுக்காகக் கைது கேட்கிறீர்கள் என்பதை விளக்கும் பிரமாணப் பத்திரம் வேண்டும் என்று ஆணை 21, விதி 11-ஏ கேட்பது இதற்காகத்தான். ஒரு வரியை வைத்து யாரையும் சிறைக்கு அனுப்ப முடியாது, அவர் கார் வைத்திருந்தாலும்.

நீங்கள் முதலில் அதே ஆணையின் விதி 41-ஐப் பயன்படுத்துங்கள். கடன்காரரை நீதிமன்றத்துக்கு அழைத்து, அவருடைய சொத்துகள் எவை, அவருக்கு யார் யார் பணம் தர வேண்டும் என்று சத்தியத்தின்மேல் கேட்க அது வழி செய்கிறது. சொத்து விவரத்தைப் பிரமாணப் பத்திரமாகத் தாக்கல் செய்யச் சொல்லி உத்தரவு வாங்கலாம். அந்த உத்தரவை மீறினால் மூன்று மாதம் வரை சிவில் சிறை உண்டு. இங்கே அவர் சிறைக்குப் போவது ஏழ்மைக்காக அல்ல, நீதிமன்றத்திடம் உண்மையைச் சொல்ல மறுத்ததற்காக. அதனால் எனக்கு இதில் மனக்குறை இல்லை.

கூடவே, கடையின் ஜிஎஸ்டி பதிவு யார் பெயரில், வங்கிக் கணக்கை இயக்குவது யார், காரின் தவணை எந்தக் கணக்கிலிருந்து போகிறது, மைத்துனர் பேரில் வீடு வாங்கியபோது பணம் எங்கிருந்து வந்தது, இவற்றைக் கேள்வியாக எழுதி வையுங்கள். வில்லங்கச் சான்றை வழக்குத் தாக்கலான தேதிக்கு ஓராண்டு முன்பிருந்து போட்டு எடுங்கள். அவர் சொத்தை மாற்றியிருந்தால் தேதிகளே உங்களுக்குச் சாட்சி சொல்லும். தீர்ப்பு தேதியிலிருந்து பன்னிரண்டு ஆண்டுகள் உங்களுக்கு நிறைவேற்றக் காலம் இருக்கிறது. வரும் வாய்தாவில் கைது மனுவை அழுத்தாமல், கூடுதல் பிரமாணப் பத்திரம் தாக்கல் செய்ய அவகாசம் கேட்கும்படி உங்கள் வழக்கறிஞரிடம் சொல்லுங்கள்.